முள் குத்துவது முதல் நெறி கட்டுவது வரை: உடல் கிருமியை எதிர்கொள்ளும் விதம்

‘நோய் எதிர்ப்பு சக்தி’ என்ற தொடரில் உள்ள ‘சக்தி’ என்ற சொல், கேட்பவர் மனத்தில் ஒரு தவறான படத்தை உண்டாக்கிவிடுகிறது. சக்தி என்றால் அதற்கு ஓர் அளவு உண்டு, அது கூடும், குறையும், தீர்ந்துபோனால் மறுபடி நிரப்பிக்கொள்ளலாம் என்று தோன்றுகிறது. கொரோனா காலத்தில் அதைக் கூட்டித் தருவதாகச் சொல்லிக்கொண்டு வந்த பானங்களும் மாத்திரைகளும் தூள்களும் இந்தப் படத்தை இன்னும் ஆழமாகப் பதித்துவிட்டன.

ஆனால் நம் வீடுகளில் இதற்கு நேர்மாறான ஓர் அறிவும் புழங்கி வருகிறது. சின்னம்மை ஒருமுறை போட்டவருக்குப் பெரும்பாலும் மறுமுறை போடாது. அதனால் அம்மை கண்ட பிள்ளையின் அருகில் முன்பே அம்மை கண்ட ஒருவரை இருக்கச் சொல்வார்கள். அப்படி இருப்பவர் திடகாத்திரமானவரா, நோஞ்சானா என்று யாரும் பார்ப்பதில்லை. அவருடைய உடல் அந்தக் கிருமியை முன்பே சந்தித்திருக்கிறதா என்பது மட்டுமே கேள்வி. உண்மைக்கு நெருக்கமாக இருப்பது இந்த இரண்டாவது அறிவுதான். நோய் எதிர்ப்பு என்பது அடையாளம் காண்பது, நேரத்தில் செயல்படுவது, வேலை முடிந்ததும் நிறுத்திக்கொள்வது ஆகிய மூன்றும் சேர்ந்த ஓர் ஏற்பாடு. அந்த ஏற்பாடு எப்படி இயங்குகிறது என்பதைக் காலில் குத்திய ஒரு முள்ளிலிருந்து தொடங்கிப் பார்க்கலாம்.

முதலில் வருவது வேலி

பெரும்பாலான கிருமிகள் உடலுக்குள் நுழைவதே இல்லை. தோலின் மேற்பரப்பு இறந்த செல்களால் நெருக்கமாக அடுக்கப்பட்டிருக்கிறது. அது உதிர்ந்துகொண்டே இருப்பதால் அதில் ஒட்டிய கிருமிகளும் உதிர்கின்றன. மூக்கிலும் மூச்சுக்குழாயிலும் சுரக்கும் சளி தூசியையும் கிருமியையும் பிடித்துவைக்க, அங்குள்ள நுண்ணிய மயிரிழைகள் அந்தச் சளியைத் தொண்டைப் பக்கம் தள்ளிவிடுகின்றன. கண்ணீரில் பாக்டீரியாவின் சுவரை உடைக்கும் லைசோசைம் என்ற பொருள் இருக்கிறது. பெனிசிலினைக் கண்டறிவதற்கு முன்பே, 1922-இல், அலெக்சாண்டர் ஃபிளெமிங் இதைப் பற்றி எழுதினார். உணவோடு இறங்கும் கிருமிகளில் பெரும்பகுதியை இரைப்பையின் அமிலம் அழித்துவிடுகிறது.

கிருமி என்று பொதுவாகச் சொன்னாலும் இங்கே முக்கியமாக இரண்டு வகைகளை நினைவில் வைத்துக்கொண்டால் போதும். பாக்டீரியா என்பது தானே உண்டு, தானே பெருகும் ஒரு செல் உயிரி. வைரஸ் அப்படியன்று, அது நம் செல்லுக்குள் புகுந்து, அந்தச் செல்லின் வசதிகளைப் பயன்படுத்தித்தான் தன்னைப் பிரதி எடுத்துக்கொள்ள முடியும். இந்த வேறுபாடு பின்னால் தேவைப்படும்.

முள் குத்திய இடத்தில் நடப்பது

வெறுங்காலில் முள் குத்துகிறது. வேலி அறுந்து, முள்ளோடு சில பாக்டீரியாக்களும் உள்ளே போகின்றன. சில மணி நேரத்தில் அந்த இடம் சிவந்து, சூடாகி, வீங்கி, வலிக்கத் தொடங்குகிறது. இவற்றைக் கிருமி செய்த கேடு என்று நாம் எண்ணுகிறோம். உண்மையில் இவற்றில் பெரும்பகுதி நம் உடல் தானே செய்துகொள்ளும் வேலை.

தோலுக்கு அடியில் மேக்ரோஃபேஜ் எனப்படும் விழுங்கும் செல்கள் எப்போதும் குடியிருக்கின்றன. அவற்றுக்கு இந்தக் கிருமி எது என்று பெயர் சொல்லத் தெரியாது. ஆனால் பல பாக்டீரியாக்களுக்குப் பொதுவான, மனித செல்களில் ஒருபோதும் இல்லாத சில பொருட்களை அவை உணர்ந்துவிடும். ஊருக்குப் புதிதாக வந்தவர் யார், எங்கிருந்து வருகிறார் என்று தெரியாவிட்டாலும், இவர் நம் ஊர்க்காரர் அல்லர் என்று தெருநாய் கண்டுகொண்டு குரைக்கிறதே, அதைப் போன்றது இது. குரைப்புக்கு இணையாக அந்தச் செல்கள் வெளியிடுபவை சைட்டோகைன்கள்; ஒரு செல் மற்ற செல்களுக்குச் செய்தி சொல்ல வெளிவிடும் புரதங்களுக்கு அந்தப் பெயர்.

செய்தி கிடைத்ததும் அருகிலுள்ள இரத்தக் குழாய்கள் விரிகின்றன. அதனால்தான் சிவப்பும் சூடும். அவற்றின் சுவர்கள் சற்றே நெகிழ்ந்து நீரை வெளியே கசியவிடுகின்றன; அதனால் வீக்கம். நெகிழ்ந்த இடைவெளி வழியாக நியூட்ரோஃபில்கள் வெளியே வருகின்றன. நம் வெள்ளையணுக்களில் மிகுதியானவை இவைதாம். எலும்பு மஜ்ஜை ஒரு நாளைக்கு ஏறத்தாழ பத்தாயிரம் கோடி நியூட்ரோஃபில்களை உருவாக்குகிறது. அவை பாக்டீரியாவை விழுங்கிக் கொன்று, விரைவிலேயே தாமும் இறந்துவிடுகின்றன. புண்ணில் கட்டும் சீழ் என்பது பெரும்பாலும் இப்படி இறந்த நியூட்ரோஃபில்களின் குவியலே.

இந்தக் காட்சியை முதன்முதலில் தெளிவாக விளங்கிக்கொண்டவருக்கும் ஒரு முள்தான் உதவியது என்பது எனக்கு எப்போதும் வியப்பளிக்கும் செய்தி. 1882-இல் இத்தாலியின் மெசினா நகரில் தங்கியிருந்த உயிரியலாளர் இலியா மெச்னிகோவ், கண்ணாடி போல ஊடுருவித் தெரியும் நட்சத்திரமீன் குஞ்சுகளின் தோலுக்கடியில் தோட்டத்து ரோஜா முட்களைச் செருகி வைத்தார். மறுநாள் காலை நுண்ணோக்கியில் பார்த்தபோது, நகரும் செல்கள் அந்த முட்களைச் சூழ்ந்து நின்றன. விழுங்கும் செல்கள் உடலைக் காக்கின்றன என்ற கருத்து அங்கே பிறந்தது. 1908-இல் அவருக்கு, பால் எர்லிக்கோடு சேர்த்து, நோபல் பரிசு வழங்கப்பட்டது.

பிறந்தது முதலே ஆயத்தமாக இருந்து, எந்தக் கிருமிக்கும் ஏறக்குறைய ஒரே விதமாக, சில மணி நேரத்துக்குள் செயல்படும் இந்த ஏற்பாட்டைப் பாடநூல்கள் இயல்பு நோய்த்தடைக்காப்பு என்கின்றன.

காய்ச்சல் ஏன் குளிரோடு வருகிறது?

காய்ச்சலைப் பற்றிய குழப்பம் மிகப் பரவலானது என்பதால் இதற்குச் சற்று இடம் தருகிறேன்.

ஏசியில் 24 என்று வைத்திருந்ததை 28 என்று மாற்றுகிறோம் என்று வைத்துக்கொள்வோம். அறையில் எந்தக் கோளாறும் இல்லை; குறிக்கப்பட்ட இலக்குதான் மாறியிருக்கிறது. மூளையின் அடிப்பகுதியில் உள்ள ஹைபோதலாமஸ், உடலின் வெப்பத்தை 98.6 டிகிரிக்கு அருகில் இப்படித்தான் பார்த்துக்கொள்கிறது. தொற்று கடுமையாகும்போது சைட்டோகைன்கள் இரத்தத்தின் வழியே மூளைக்குச் செய்தி அனுப்ப, அங்கே புரோஸ்டாகிளாண்டின் என்ற வேதிப்பொருள் உண்டாகி இலக்கை 102 என்று உயர்த்திவிடுகிறது. உடலின் வெப்பமோ இன்னும் 98.6-இல்தான் நிற்கிறது. புதிய இலக்கோடு ஒப்பிட்டால் அது குறைவு; ஆகவே நமக்குக் குளிர்கிறது. தசைகள் நடுங்கி வெப்பத்தை உண்டாக்குகின்றன. நாம் போர்வையை இழுத்துப் போர்த்திக்கொள்கிறோம். பாராசிட்டமால் கிருமியை எதுவும் செய்வதில்லை. அது புரோஸ்டாகிளாண்டின் உருவாவதைத் தடுத்து இலக்கைப் பழைய இடத்துக்கு இறக்குகிறது. அப்போது உடல் இருக்க வேண்டியதைவிடச் சூடாக இருப்பதால் வியர்த்துக் கொட்டுகிறது.

மிதமான காய்ச்சலில் பல கிருமிகள் பெருகும் வேகம் குறைகிறது, வெள்ளையணுக்கள் சுறுசுறுப்பாகின்றன. நோயாளியின் துன்பத்தைக் குறைக்க மாத்திரை தருவதில் தவறில்லை. மாத்திரை போட்டுச் சூடு இறங்கியதும் நோயே இறங்கிவிட்டது என்று நினைப்பதுதான் தவறு.

இதுவரை பார்த்ததைச் சுருக்கிக்கொள்வோம். வேலியைத் தாண்டிய கிருமியை, அது இன்னதென்று அறியாமலே, அந்நியம் என்ற அளவில் உணர்ந்து விழுங்கும் செல்கள் முதலில் செயல்படுகின்றன. சிவப்பு, வீக்கம், சீழ், காய்ச்சல் ஆகியவை அந்த வேலையின் வெளித்தோற்றங்கள். சிறு தொற்றுகள் பலவும் இந்தக் கட்டத்திலேயே முடிந்துவிடுகின்றன.

நெறி கட்டும் இடம்

காலில் புண் சீழ் வைத்தால் தொடை இடுக்கில் நெறி கட்டும். கையில் வைத்தால் அக்குளில் கட்டும். தொண்டை புண்ணானால் தாடைக்குக் கீழே உருண்டையாகத் தட்டுப்படும். இதை அறியாத குடும்பம் இருக்காது. அந்த உருண்டைகள் நிணநீர்க் கணுக்கள். திசுக்களில் கசிந்த நீர், மெல்லிய குழாய்கள் வழியாக இரத்தத்துக்குத் திரும்பும் பாதையில் அமைந்த சோதனைச் சாவடிகள் அவை.

காலில் கிருமியை விழுங்கிய செல்களில் டென்ட்ரைட்டிக் செல் என்ற ஒரு வகை, அதைச் சிறு துண்டுகளாக்கி, அந்தத் துண்டுகளைத் தன் மேற்பரப்பில் ஏந்திக்கொண்டு நிணநீர்க் கணுவுக்குப் பயணிக்கிறது. உடல் ஒரு கிருமியை அடையாளம் காண உதவும் அந்தத் துண்டுக்கு ஆன்டிஜென் என்று பெயர். கணுவுக்குள் லட்சக்கணக்கான வெள்ளையணுக்கள் நெருங்கி நின்று, வரும் துண்டு தமக்குப் பொருந்துகிறதா என்று ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்க்கின்றன. அவை லிம்ஃபோசைட்டுகள், எலும்பு மஜ்ஜையில் முதிர்பவை பி செல்கள், நெஞ்செலும்புக்குப் பின்னால் உள்ள தைமஸ் சுரப்பியில் முதிர்பவை டி செல்கள்.

இங்கேதான் இந்தப் பாடத்தின் மிக அழகான பகுதி வருகிறது. கிருமி வந்த பிறகு அதை அளந்து பார்த்து, அதற்கேற்ற ஆயுதத்தை உடல் தைப்பதாகப் பலரும் கருதுகிறார்கள். நடப்பது வேறு. தையல்காரர் அளவெடுத்துத் தைத்துத் தருவார். ரெடிமேட் கடையிலோ யார் வரப்போகிறார் என்றே தெரியாமல் எல்லா அளவிலும் சட்டைகள் முன்கூட்டியே தொங்கும். நம் உடல் இரண்டாவது வகை. ஒவ்வொரு லிம்ஃபோசைட்டும் ஒரே ஒரு வடிவத்தை மட்டும் பற்றக்கூடிய உணரியோடு பிறக்கிறது. அத்தகைய வேறுபட்ட வடிவங்கள் கோடிக்கணக்கில் உள்ளன. ஆனால் ஒவ்வொரு வடிவத்திலும் மிகச் சில செல்களே இருக்கும். பொருந்தும் செல் ஒன்று அகப்பட்டதும் உடல் அதை மட்டும் தேர்ந்தெடுத்துப் பிரதி எடுக்கிறது. அது ஒரு நாளில் இரண்டு முதல் நான்கு முறை வரை பிரிந்து, ஒரு வாரத்தில் ஆயிரக்கணக்காகப் பெருகிவிடுகிறது. கணு வீங்குவது இந்தப் பெருக்கத்தால்தான். ‘நெறி கட்டியிருக்கிறது’ என்றால் அங்கே தேர்வு நடந்துகொண்டிருக்கிறது என்று பொருள்.

மனிதனுக்கு உள்ள மரபணுக்கள் சுமார் 20,000 மட்டுமே. பிறகு கோடிக்கணக்கான உணரிகள் எப்படி உருவாகின்றன? இந்தப் புதிர் நெடுநாள் விடுபடாமல் இருந்தது. உணரிக்கான மரபணு முழுமையாக இல்லாமல் துண்டுகளாகக் கிடக்கிறது என்றும், ஒவ்வொரு செல்லும் அத்துண்டுகளைச் சீட்டுக்கட்டைப் போலக் கலைத்துத் தனக்கென ஒரு சேர்க்கையை அமைத்துக்கொள்கிறது என்றும் கண்டறிந்த சுசுமு டோனெகாவாவுக்கு 1987-இல் நோபல் பரிசு கிடைத்தது.

தேர்ந்தெடுக்கப்பட்ட செல்கள் செய்யும் வேலை

பெருகிய பி செல்கள் எதிர்ப்பொருளை, அதாவது ஆன்டிபாடியை, ஆயிரக்கணக்கில் சுரக்கின்றன. அது ஆங்கில ‘ஒய்’ எழுத்தின் வடிவம் கொண்ட புரதம்; இரு கைகளாலும் கிருமியைப் பற்றிக்கொள்கிறது. பற்றப்பட்ட வைரஸால் செல்லுக்குள் நுழைய முடியாது. விழுங்கும் செல்களும் அதை எளிதில் கண்டுகொள்கின்றன. ஆனால் வைரஸ் ஏற்கெனவே ஒரு செல்லுக்குள் புகுந்துவிட்டால் எதிர்ப்பொருளால் அதை எட்ட முடியாது. அப்போது கொல்லும் டி செல்கள், தொற்றுக்கு ஆளான நம் செல்லையே அழித்து, உள்ளே நடக்கும் பிரதியெடுப்பை நிறுத்துகின்றன. இந்த இரண்டு வேலைகளையும் ஊக்கி ஒருங்கிணைப்பவை உதவி டி செல்கள். எச்.ஐ.வி. குறிவைப்பது இவற்றைத்தான், இவை குறைந்தால் மற்றவை இருந்தும் பயன்படுவதில்லை.

முதல் தொற்றில் இவ்வளவும் நடக்க ஏறத்தாழ ஒரு வாரம் முதல் இரண்டு வாரம் ஆகும். காய்ச்சலுக்கான இரத்தப் பரிசோதனைத் தாளில் வரும் ஐஜிஎம், ஐஜிஜி ஆகியவற்றின் பொருளும் இதில்தான் இருக்கிறது. முதலில் சுரக்கும் எதிர்ப்பொருள் வகை ஐஜிஎம். பின்னால் வந்து நெடுநாள் தங்குவது ஐஜிஜி. டெங்குவின் முதல் சில நாட்களில் ஐஜிஎம் இல்லை என்று முடிவு வந்தால் நோய் இல்லை என்று ஆகாது. அது சுரக்கும் நாள் இன்னும் வராமலும் இருக்கலாம்.

மீண்டும் ஒருமுறை சுருக்கினால்: விழுங்கும் செல்கள் கிருமியின் துண்டை நிணநீர்க் கணுவுக்குக் கொண்டுசெல்கின்றன, அங்கே அதற்குப் பொருந்தும் செல் தேர்வாகிப் பெருகுகிறது, பி செல்கள் செல்களுக்கு வெளியே இருக்கும் கிருமியையும், டி செல்கள் செல்லுக்குள் ஒளிந்த கிருமியையும் கவனிக்கின்றன. இதுவே பெறப்பட்ட நோய்த்தடைக்காப்பு.

அம்மை ஏன் மறுமுறை போடுவதில்லை?

தொற்று அடங்கியதும் பெருகிய செல்களில் பெரும்பாலானவை இறந்துபோகின்றன. ஒரு சிறு பகுதி மட்டும் ஆண்டுக்கணக்கில் தங்குகிறது. அவை நினைவு செல்கள். அதே கிருமி மறுபடி வந்தால் தேடலுக்கு நேரம் செலவாவதில்லை. பல நேரங்களில் நமக்குத் தெரியாமலே அது முடித்துவைக்கப்படுகிறது.

இந்த நினைவு எவ்வளவு காலம் நிற்கும் என்பதற்கு ஓர் அரிய சான்று வட அட்லாண்டிக் கடலில் உள்ள ஃபாரோ தீவுகளிலிருந்து கிடைத்தது. 1781-இல் அங்கே தட்டம்மை பரவியது. பிறகு 65 ஆண்டுகள் அந்த நோய் அங்கே எட்டிப் பார்க்கவில்லை. 1846-இல் அது திரும்பி வந்தபோது, ஏறத்தாழ 7,800 பேர் வாழ்ந்த தீவுகளில் சுமார் 6,000 பேர் நோயுற்றனர். அதை ஆராய டென்மார்க் அரசு அனுப்பிய பீட்டர் பானும் என்ற இளம் மருத்துவர் ஒன்றைக் கவனித்தார்: 1781-இல் தட்டம்மை கண்டு இன்னும் உயிரோடிருந்த முதியவர்களில் ஒருவருக்கும் நோய் வரவில்லை. தளர்ந்த உடலிலும் 65 ஆண்டு நினைவு அழியாமல் இருந்தது.

நினைவு குறிப்பானது, ஒரு கிருமிக்கு உரியது மற்றொன்றுக்குப் பயன்படாது. தட்டம்மை, சின்னம்மை இரண்டையும் நாம் அம்மை என்று ஒரே பெயரில் அழைத்தாலும், அவற்றை உண்டாக்கும் வைரஸ்கள் வேறு. ஒன்று வந்தவருக்கு மற்றது வரலாம். சளி அடிக்கடி பிடிப்பதற்கும் இதுவே முதன்மைக் காரணம். ரைனோவைரஸ் என்ற ஒரு பிரிவில் மட்டும் நூற்றுக்கும் மேற்பட்ட வகைகள் உள்ளன. பள்ளியில் சேர்ந்த முதல் ஆண்டில் குழந்தைக்கு மாதந்தோறும் மூக்கு ஒழுகுகிறதே என்று கவலைப்படும் பெற்றோரிடம் நான் சொல்ல விரும்புவது இதுதான்: பெரும்பாலும் அந்தக் குழந்தையின் உடலில் குறை எதுவும் இல்லை. அது ஒவ்வொரு வகையாகப் புதிதாகச் சந்தித்துக்கொண்டிருக்கிறது.

சின்னம்மைக்கு இன்னொரு முகமும் உண்டு. கொப்புளங்கள் காய்ந்து உதிர்ந்த பிறகும் அதன் வைரஸ் நரம்பு முடிச்சுகளில் அடங்கிக் கிடக்கிறது. டி செல்கள் அதை அடக்கி வைத்திருக்கின்றன. முதுமையிலோ வேறு காரணங்களாலோ அந்தக் காவல் தளரும்போது, வைரஸ் நரம்பின் வழியே இறங்கி, உடலின் ஒரு பக்கத்தில் பட்டையாகக் கொப்புளங்களை எழுப்புகிறது. அதைத்தான் அக்கி என்கிறோம். காவி மண்ணால் அக்கி எழுதிக்கொண்டு காத்திருப்பதைவிட, கொப்புளம் தோன்றிய மூன்று நாட்களுக்குள் மருத்துவரிடம் சென்றால் வைரஸை அடக்கும் மாத்திரை நல்ல பலன் தரும். கண்ணருகே வந்தால் ஒரு நாளும் தாமதிக்கக் கூடாது.

தடுப்பூசி செய்வது என்ன?

நோயைத் தராமல் நினைவை மட்டும் தருவது. கிருமியின் ஒரு துண்டையோ, வலுவிழக்கச் செய்த கிருமியையோ செலுத்தினால் நிணநீர்க் கணுவில் அதே தேர்வு நடக்கிறது. 1796-இல் எட்வர்டு ஜென்னர், பால் கறக்கும் பெண்ணின் கையிலிருந்த மாட்டம்மைக் கொப்புளத்து நீரை எட்டு வயதுச் சிறுவனுக்குச் செலுத்தி, அவனுக்குப் பெரியம்மை வராததைக் காட்டினார். இரண்டு வைரஸ்களும் நெருங்கிய உறவுடையவை என்பதால் ஒன்றின் நினைவு மற்றதற்கும் பொருந்தியது. நம் பாட்டிமார் தடுப்பூசியை ‘அம்மை குத்துவது’ என்று சொன்னது இந்த வழியில் வந்ததே. 1980-இல் பெரியம்மை உலகிலிருந்தே ஒழிந்துவிட்டதாக அறிவிக்கப்பட்டது.

ஒரே ஊசியை 6, 10, 14 வாரங்களில் மூன்று முறை போடுவது ஏன் என்று தாய்மார்கள் கேட்பதுண்டு. ஒவ்வொரு சந்திப்பிலும் இன்னும் இறுகப் பற்றும் பி செல்கள் தேர்வாகின்றன. நினைவு செல்களின் எண்ணிக்கையும் கூடுகிறது. தட்டம்மை ஊசிக்கு ஒன்பது மாதம் காத்திருப்பதற்குக் காரணம் வேறு. கருவிலேயே தாயிடமிருந்து பெற்ற எதிர்ப்பொருள் குழந்தையின் இரத்தத்தில் சில மாதங்கள் தங்கியிருக்கும். அது ஊசி மருந்தில் உள்ள வலுவிழந்த வைரஸையும் நீக்கிவிடக்கூடும் என்பதால் அது குறையும் வரை பொறுத்திருக்கிறார்கள்.

எதிர்ப்பே கேடாகும் நேரங்கள்

எதிர்ப்பு எவ்வளவு மிகுதியோ அவ்வளவு நல்லது என்ற எண்ணத்தை டெங்கு உடைத்துவிடுகிறது. டெங்கு வைரஸில் நான்கு வகைகள் உண்டு. முதல் வகைக்கு எதிராக உருவான எதிர்ப்பொருள், பின்னாளில் இரண்டாவது வகை வரும்போது அதைச் செயலிழக்கச் செய்யும் அளவுக்கு இறுகப் பற்றாமல், தளர ஒட்டிக்கொள்ளக்கூடும். எதிர்ப்பொருள் ஒட்டியதை விழுங்குவது வெள்ளையணுக்களின் இயல்பு. இங்கே அவை உயிருள்ள வைரஸை உள்ளே அழைத்துக்கொள்கின்றன, அது அங்கேயே பெருகுகிறது. இரண்டாம் முறை வரும் டெங்கு கடுமையாகும் வாய்ப்பு கூடுவதற்கு இது ஒரு முக்கியக் காரணம். கடுமையான டெங்குவில் சைட்டோகைன்கள் பெருக்கெடுத்து இரத்தக் குழாய்களிலிருந்து நீரைக் கசியச் செய்கின்றன. அது பெரும்பாலும் காய்ச்சல் இறங்கும் நேரத்தில் தொடங்குகிறது. காய்ச்சல் விட்ட பின் வரும் ஓரிரு நாட்களில் வயிற்றுவலி, ஓயாத வாந்தி, இரத்தக் கசிவு, மிகுந்த சோர்வு ஆகியவற்றில் எது இருந்தாலும் உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டும்.

கேடற்ற மகரந்தத்தையோ இறாலையோ கிருமி போலக் கருதி எழும் எதிர்ப்பு ஒவ்வாமை. எதிர்ப்பு சொந்தத் திசுக்களையே தாக்கும்போது வருபவை, மூட்டுகளை அரிக்கும் முடக்குவாதம் போன்ற நோய்கள். இவை நேராமல் அடக்கிவைக்கும் ஒழுங்குபடுத்தும் டி செல்களைப் பற்றிய கண்டுபிடிப்புகளுக்கே 2025-ஆம் ஆண்டின் மருத்துவ நோபல் பரிசு மேரி பிரன்கோ, ஃபிரெட் ராம்ஸ்டெல், ஷிமோன் சகாகுச்சி ஆகிய மூவருக்கும் வழங்கப்பட்டது.

அப்படியானால் எதைக் கூட்டுவது?

நன்றாக இருக்கும் ஒருவரின் நோய்த்தடைக்காப்பை ஒரு பானம் மேலும் ‘கூட்டிவிடும்’ என்பதற்கு இதுவரை பார்த்த ஏற்பாட்டில் இடமே இல்லை. அங்கே கூட்டுவதற்கு ஒற்றை அளவு எதுவும் கிடையாது. குறைந்துவிட்டதைச் சரிசெய்வது வேறு செய்தி. கட்டுப்பாட்டில் இல்லாத சர்க்கரை நோய், நெடுநாள் உட்கொள்ளும் ஸ்டீராய்டு, புகைப்பழக்கம், தூக்கமின்மை, எல்லாவற்றுக்கும் மேலாகப் போதிய உணவின்மை ஆகியவை இந்த ஏற்பாட்டை உண்மையாகவே நலிவடையச் செய்கின்றன. செல்கள் பெருகுவதற்கும் எதிர்ப்பொருள் சுரப்பதற்கும் புரதம் வேண்டும்.

ஜார்க்கண்டில் நடந்து 2023-இல் முடிவுகள் வெளியான ஓர் ஆய்வு இதற்கு நேரடிச் சான்று. காசநோயாளியோடு ஒரே வீட்டில் வாழ்வோருக்கு மாதந்தோறும் உணவுப் பொருட்கள் வழங்கியபோது, வழங்கப்படாத குடும்பத்தாரோடு ஒப்பிட அவர்களிடையே காசநோய் தோன்றுவது ஏறத்தாழ 40 விழுக்காடு குறைந்தது. ஆளுக்கு அவர்கள் பெற்றது ஐந்து கிலோ அரிசியும் ஒன்றரைக் கிலோ பருப்பும் நுண்ணூட்டச்சத்து மாத்திரைகளும்.